ஓசை ஒத்தால் உறவாகுமா?

அன்னூர், அன்னை, அன்னம், அன்னாசி. இந்த நான்கு சொற்களையும் ஒருமுறை உரக்கச் சொல்லிப் பாருங்கள். நான்கும் ஒரே வீட்டுப் பிள்ளைகளைப் போல ஒலிக்கின்றன அல்லவா? கற்பனை வளம் உள்ள ஒருவர் உடனே ஒரு கதை கட்டிவிடலாம். "அன்னையைப் போலப் பசித்தவர்க்கு அன்னம் இட்ட ஊர் அன்னூர், அன்னையின் அன்பைப் போல இனிக்கும் கனி அன்னாசி" என்று அவர் சொன்னால் கேட்பதற்கு நன்றாகத்தான் இருக்கும். ஆனால் அது உண்மையா?

ஒவ்வொரு சொல்லையும் தனித்தனியே விசாரிப்போம்.

அன்னை என்பது தாயைக் குறிக்கும் பழந்தமிழ்ச் சொல். சோற்றைக் குறிக்கும் அன்னம் வடமொழியிலிருந்து வந்தது. அம்மொழியில் 'அத்' என்னும் வேருக்கு உண்ணுதல் என்று பொருள். அன்னாசியின் கதையோ கடல் கடந்தது. அந்தச் செடியின் தாயகம் தென் அமெரிக்கா. அங்குள்ள தூப்பி-குவாரனி இன மக்கள் அதை 'நனா' என்று அழைத்தார்கள். போர்ச்சுக்கீசியர் அதை 'அனனாஸ்' என்று தம் மொழியில் வழங்கினார்கள். 16ஆம் நூற்றாண்டில் அவர்கள் கப்பலில் பழமும் வந்தது, பெயரும் வந்தது. தமிழர் நாவில் அது அன்னாசி ஆயிற்று. ஜன்னல், அலமாரி, மேசை, சாவி ஆகிய சொற்களும் இவ்வாறே போர்ச்சுக்கீசிய மொழியிலிருந்து நம் வீட்டுக்குள் வந்தவைதாம்.

அன்னூருக்கு அங்குள்ள மன்னீஸ்வரர் கோயிலை ஒட்டி ஒரு கதை வழங்குகிறது. அன்னி என்னும் வேடன் ஒருவன் அங்கே வாழ்ந்தானாம். அவன் பெயரால் அன்னியூர் என்று இருந்து, பிறகு அன்னூர் ஆயிற்றாம். இது ஊரார் வழிவழியாகச் சொல்லும் கதை. இதைச் சான்றாகக் கொள்ள வேண்டுமானால் பழைய கல்வெட்டுகளில் ஊரின் பெயர் எப்படிப் பொறிக்கப்பட்டிருக்கிறது என்று பார்க்க வேண்டும்.

ஆக, ஒன்று தமிழ், ஒன்று வடமொழி, ஒன்று தென் அமெரிக்கா, ஒன்று கோயில் கதை. ஓசை ஒன்றாக இருந்தும் வேர் ஒன்றாக இல்லை. அப்படியானால் இரண்டு சொற்கள் உண்மையில் உறவுடையவையா என்பதை எவ்வாறு கண்டறிவது? இதற்கு ஒரு முறை உண்டு. அது பௌதிக ஆய்வுக்கூடத்தில் நாம் பின்பற்றும் முறைக்கு மிகவும் நெருக்கமானது.

எட்டும் எய்ட்டும்

தமிழில் எட்டு, ஆங்கிலத்தில் எய்ட். ஓசையும் ஒன்று, பொருளும் ஒன்று. இதைவிடச் சிறந்த சான்று வேண்டுமா என்று தோன்றும். அவசரப்படாமல் இரண்டு சொற்களின் இளமைக் காலத்தைப் பார்ப்போம்.

எண்பது, எண்ணூறு என்ற சொற்களைக் கவனியுங்கள். எட்டின் பழைய உருவமான 'எண்' அவற்றில் மறைந்திருக்கிறது. கன்னடத்தில் எட்டை 'எண்டு' என்கிறார்கள், தெலுங்கில் 'எனிமிதி'. இவை எல்லாவற்றிலும் 'எ'வை அடுத்து மூக்கொலி ஒன்று வருகிறது. ஆகவே நம் எட்டின் முன்னோர் 'எண்' என்பதாகும்.

இனி ஆங்கில எய்ட். அந்தச் சொல்லை எழுதும்போது நடுவே ஜி, எச் என்ற இரண்டு எழுத்துகளை ஓசையின்றி எழுதுகிறோம். ஏன் என்று என்றாவது எண்ணியதுண்டா? பழைய ஆங்கிலத்தில் அவற்றுக்கு ஓர் ஓசை இருந்தது. ஜெர்மன் மொழியில் அந்த ஓசை இன்றும் இருக்கிறது. அங்கே எட்டு என்பது 'அக்ட்' போல ஒலிக்கும். இலத்தீனில் 'ஒக்டோ', வடமொழியில் 'அஷ்ட'. ஆகவே எய்ட்டின் முன்னோர் நடுவில் 'க்' ஒலியுடைய 'ஒக்டோ' போன்ற சொல்லாகும்.

எண் என்பதற்கும் ஒக்டோ என்பதற்கும் என்ன ஒற்றுமை? ஒன்றுமில்லை. வெவ்வேறு இடத்தில் பிறந்து, வெவ்வேறு வழியில் நடந்து, இன்று ஒரே தெருமுனையில் சந்தித்த இருவரைப் போன்றவை இவ்விரு சொற்களும். பின்னோக்கிப் போகப் போக அவை ஒன்றையொன்று நெருங்கவில்லை, விலகுகின்றன. உண்மையான உறவினர் பின்னோக்கிப் போகப் போக நெருங்க வேண்டும். இது நம் முதல் சோதனை.

ஆஸ்திரேலியாவின் நாய்

1960களில் டிக்ஸன் என்ற மொழியியல் அறிஞர் வட ஆஸ்திரேலியாவில் இம்பாபரம் என்னும் பழங்குடி மொழியைப் பதிவு செய்யச் சென்றார். அந்த மொழியைப் பேசத் தெரிந்தவர் மிகச் சிலரே எஞ்சியிருந்தனர். நாய்க்கு உங்கள் மொழியில் என்ன சொல் என்று கேட்டார். 'டாக்' என்று விடை வந்தது! ஆங்கிலச் சொல்லையே சொல்கிறாரோ என்று ஐயம் எழுந்தது. ஆனால் அது அந்த மொழியின் சொந்தச் சொல்தான். அண்டை மொழியில் நாய்க்கு 'குடக' என்று பெயர். இம்பாபரத்தில் சொல்லின் முதல் அசை உதிர்ந்துவிடுவது வழக்கம். உதிரும்போது அடுத்த உயிரையும் சற்று மாற்றிவிட்டுப் போகும். அவ்வாறு 'குடக' தேய்ந்து 'டாக்' போன்ற ஓசையாயிற்று. ஆங்கில நாய்க்கும் இதற்கும் எந்தத் தொடர்பும் இல்லை.

இப்படித் தற்செயலாக ஒத்துப்போவது அபூர்வமா? ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்க்கலாம்.

ஒரு சொல்லில் மெய், உயிர், மெய் என்று மூன்று ஒலிகள் இருப்பதாகக் கொள்வோம். காதுக்கு ஏறக்குறைய ஒன்றுபோலக் கேட்கும் ஒலிகளைச் சேர்த்து மெய்களை 10 கூட்டமாகவும், உயிர்களை 5 கூட்டமாகவும் பிரிப்போம். அப்படியானால் 10 × 5 × 10 = 500 வகைச் சொற்கள் அமையலாம். தொடர்பே இல்லாத இரண்டு மொழிகளில் ஒரே பொருளுடைய இரு சொற்கள் தற்செயலாக ஒத்திருக்க 500இல் 1 வாய்ப்பு. 1000 பொருள்களை எடுத்து ஒப்பிட்டால் 2 சொற்கள் ஒத்துவரும்.

இரண்டுதானே என்கிறீர்களா? சற்றுப் பொறுங்கள். "உயிரொலி மாறினால் பரவாயில்லை, மெய்கள் ஒத்தால் போதும்" என்று விதியைத் தளர்த்துங்கள். வாய்ப்பு 100இல் 1 ஆகிவிடும். 1000 சொற்களில் 10 ஒத்துவரும். அடுத்து, "பொருளும் சரியாக ஒத்திருக்க வேண்டாம், நீர் என்பதற்கு மழை, ஆறு, குளம், கடல் என்று வந்தாலும் ஏற்போம்" என்று 5 பொருள்களை அனுமதியுங்கள். இப்போது ஏறக்குறைய 50 சொற்கள் ஒத்துவரும். ஒரு மேடைப் பேச்சுக்கு 50 சொற்கள் தாராளம்! உலகில் ஏறத்தாழ 7000 மொழிகள் உள்ளன. அவற்றில் எதை எடுத்தாலும் தமிழோடு ஒத்த ஒரு பட்டியல் தயாரித்துவிடலாம். வேறு எந்த மொழிக்காரரும் தம் மொழிக்கு அவ்வாறே செய்துகொள்ளலாம்.

அம்மா, அப்பா

கொரிய மொழியில் தந்தையை 'அப்பா' என்றும் தாயை 'ஓம்மா' என்றும் குழந்தைகள் அழைக்கிறார்கள். இதைக் கேட்ட நம் மாணவர் பலருக்கு மெய்சிலிர்க்கிறது. அது இயல்புதான். ஆனால் அரமேய மொழியிலும் தந்தை 'அப்பா'தான். தாய்க்கு 'மா' ஒலியுள்ள சொல்லை வழங்கும் மொழிகள் உலகெங்கும் இருக்கின்றன.

ரோமன் யாக்கோப்சன் என்னும் அறிஞர் 1960இல் வெளியான ஒரு கட்டுரையில் இதற்கு விளக்கம் தந்தார். குழந்தை முதலில் ஒலிப்பதற்கு எளியவை இதழ்களை மூடித் திறந்தாலே பிறக்கும் ம, ப, ப்ப போன்ற ஒலிகள். பொருள் ஏதுமின்றிக் குழந்தை மழலும்போது அருகிலிருக்கும் தாயும் தந்தையும் "என்னைத்தான் அழைக்கிறது" என்று மகிழ்ந்து அந்த ஓசையைத் தம் பெயராக ஏற்றுக்கொள்கிறார்கள். ஜார்ஜிய மொழியில் இந்தப் பங்கீடு மாறிப் போயிற்று. அங்கே 'மாமா' என்றால் தந்தை. 'தெதா' என்றால் தாய்! எனவே மொழி உறவை ஆராய்கிறவர்கள் மழலைச் சொற்களைப் பட்டியலிலிருந்து நீக்கிவிடுகிறார்கள்.

வேறுபாட்டில் தெரியும் உறவு

அப்படியானால் உண்மையான உறவுக்கு அடையாளம் எது? அன்னூர், சத்தியமங்கலம் பக்கத்து மாணவர்களுக்கு இதற்கு வெளிநாடு போக வேண்டியதில்லை. வீட்டில் கன்னடம் பேசும் தோழர் ஒருவர் உங்கள் வகுப்பிலேயே இருப்பார். அவரிடம் கேட்டால் இப்படி ஒரு பட்டியல் கிடைக்கும்:

பால் – ஹாலு
பல் – ஹல்லு
பத்து – ஹத்து
புலி – ஹுலி
பூ – ஹூவு
பாம்பு – ஹாவு
பன்றி – ஹந்தி
பெயர் – ஹெசரு

இங்கே சொற்கள் முழுதும் ஒத்திருக்கவில்லை, வேறுபடுகின்றன. ஆனால் அந்த வேறுபாடு ஓர் ஒழுங்குக்குள் அடங்குகிறது. தமிழில் சொல்லின் முதலில் 'ப' வரும் இடத்தில் கன்னடத்தில் 'ஹ' வருகிறது. ஒரு சொல்லில் அன்று, இரண்டு சொல்லில் அன்று. சொல்லுக்குச் சொல் வருகிறது. தற்செயல் இவ்வாறு வரிசை பிடித்து நிற்காது.

இதற்கு வரலாற்றுச் சான்றும் இருக்கிறது. பழைய கன்னட இலக்கியத்திலும் கல்வெட்டுகளிலும் இந்தச் சொற்கள் 'ப' என்றே தொடங்கின. 10ஆம் நூற்றாண்டை ஒட்டித்தான் 'ஹ' தலைகாட்டி, பிறகு மெல்ல மெல்லப் பரவியது. பின்னோக்கிப் போகப் போக இவை நெருங்குகின்றன. நம் முதல் சோதனையிலும் வெற்றி பெறுகின்றன. மாற்றத்தின் காரணமும் எளிது. 'ப' ஒலிக்க இதழ்களை இறுக மூடி மூச்சை அடைத்துத் திறக்க வேண்டும். இதழ் சற்றுத் தளர்ந்தால் மூச்சு உரசிக்கொண்டு வெளிவரும். மேலும் தளர்ந்தால் வெறும் மூச்சொலியான 'ஹ' மட்டும் எஞ்சும். ஜப்பானிய மொழியிலும் பழைய 'ப' இப்படியே 'ஹ' ஆயிற்று.

ஒரு விதிக்கு எல்லை உண்டு என்பதையும் நீங்கள் பௌதிகத்தில் படித்திருப்பீர்கள். இந்த விதி சொல்லின் முதலெழுத்துக்கே உரியது. இடையில் இரட்டித்து வரும் 'ப்ப' மாறுவதில்லை. உப்பு கன்னடத்திலும் உப்புதான். மாற்றம் நடந்து முடிந்த பின் வந்த சொற்களையும் அது தொடவில்லை. ஆகவேதான் பேப்பர் கன்னடத்தில் 'ஹேப்பர்' ஆகவில்லை. பாறை அடுக்கைக் கண்டு மண்ணின் வயதைச் சொல்வதுபோல, ஒரு சொல் முன்னே வந்ததா பின்னே வந்ததா என்பதை இந்த விதியைக் கொண்டு சொல்லலாம்.

ஆங்கிலத்திலும் இத்தகைய விதி உண்டு. வடமொழியில் பாத, பித்ரு, பஞ்ச என்பவை ஆங்கிலத்தில் ஃபுட், ஃபாதர், ஃபைவ் என்று வருகின்றன. 'ப' இருந்த இடத்தில் 'ஃப'. யாக்கோபு கிரிம் என்ற ஜெர்மானியர் 1822இல் இத்தகைய மாற்றங்களை விதியாகத் தொகுத்தார். சிறுவர் கதைகளைத் திரட்டிய கிரிம் சகோதரர்களில் மூத்தவர் அவரே!

நம் மொழிகளின் குடும்பம் கண்டறியப்பட்டதும் இந்த வழியில்தான். சென்னையில் பணியாற்றிய எல்லிஸ் 1816இல், தமிழும் தெலுங்கும் கன்னடமும் வடமொழியிலிருந்து பிறந்தவை அல்ல, ஒரு தனிக் குடும்பம் என்று எடுத்துக் காட்டினார். கால்டுவெல் 1856இல் வெளியிட்ட ஒப்பிலக்கணம் அதை விரிவாக நிறுவியது. கோவையிலிருந்து வடமேற்கே தெரிகிறதே நீலகிரி, அங்கே 1930களில் தோடர், கோத்தர் மொழிகளைப் பதிவு செய்த எமனோ, பிற்பாடு பர்ரோவுடன் சேர்ந்து 1961இல் திராவிட வேர்ச்சொல் அகராதியை வெளியிட்டார். இவர்கள் யாரும் ஓசை இனிமையை நம்பவில்லை. ஒலி மாற்றத்தின் ஒழுங்கையே நம்பினார்கள்.

காசும் இஞ்சியும்

உறவு வேறு, கடன் வேறு. அண்டை வீட்டில் வாங்கிய அரிவாள்மனையால் அவர்கள் நமக்குச் சொந்தக்காரர் ஆகிவிடுவதில்லை. சொற்களும் வணிகத்தில் கைமாறும்.

ஆங்கிலத்தில் பணத்தை 'கேஷ்' என்கிறார்கள். அது நம் காசு என்று பலர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். இது பாதி உண்மை. ஆங்கிலத்தில் இரண்டு 'கேஷ்' உண்டு. ரொக்கப் பணத்தைக் குறிக்கும் 'கேஷ்' பெட்டி என்று பொருள்படும் 'காப்ஸா' என்ற இலத்தீன் சொல்லிலிருந்து பிரெஞ்சு, இத்தாலிய மொழிகளின் வழியே வந்தது. பெட்டியின் பெயர் பெட்டியில் இருந்த பணத்துக்கு ஆகிவந்தது. மருந்து அடைத்த 'கேப்சூல்' அதற்கு நெருங்கிய உறவு. சிறு பெட்டி என்பது பொருள். மற்றொரு 'கேஷ்' நம் காசுதான். கிழக்கிந்தியக் கம்பெனி சென்னை மாகாணத்துக்காக 1803இல் அச்சிட்ட செப்பு நாணயத்தில் '20 கேஷ்' என்று பொறித்திருக்கிறது. அது சிறு நாணயத்தின் பெயர். ஒரே எழுத்து, ஒரே ஓசை, வெவ்வேறு பிறப்பு.

இஞ்சியின் பயணமோ பெருமைக்குரியது. பாலி மொழியில் 'சிங்கிவேர', கிரேக்கத்தில் 'ஜிங்கிபெரிஸ்', இலத்தீனில் 'ஜிங்கிபெர்', ஆங்கிலத்தில் 'ஜிஞ்சர்'. இந்தச் சொற்களின் பிற்பகுதியில் நம் 'வேர்' இருப்பதைப் பாருங்கள். இஞ்சி + வேர்! முதலில் உள்ள 'ச' எங்கே போயிற்று? சிறகு இறகாகவும், சிப்பி இப்பியாகவும் வழங்குகின்றன அல்லவா? சொல் முதலில் 'ச' உதிர்வது நம் மொழியில் வேறு சொற்களிலும் காணும் மாற்றம். வடமொழியில் இதே சொல் 'சிருங்கவேர' ஆயிற்று. சிருங்கம் என்றால் கொம்பு. இஞ்சி கொம்பு போல இருப்பதால் அந்தப் பெயர் என்று பிற்காலத்தார் பொருள் கற்பித்தார்கள். ஓசையைக் கண்டு கதை கட்டும் பழக்கம் எல்லா நாட்டிலும் உண்டு!

தேக்கும் அப்படியே. மலையாளத் 'தேக்கு' போர்ச்சுக்கீசியரிடம் 'தெக்கா' ஆகி, ஆங்கிலத்தில் 'டீக்' ஆயிற்று. ஆனைமலை டாப்ஸ்லிப்பில் வானளாவி நிற்கும் மரத்தின் பெயரை ஐரோப்பியர் நம் மண்ணிலிருந்துதான் கொண்டு சென்றார்கள். இங்கே பொருள் சென்ற வழியும் தெரிகிறது, பெயர் சென்ற வழியும் தெரிகிறது.

ஊர்ப் பெயர்களில் எச்சரிக்கை

ஈராக்கில் 'ஊர்' என்றொரு பழைய நகரம் உண்டு. 1922 முதல் 1934 வரை லியோனார்டு உல்லி அங்கே அகழாய்வு செய்தார். அது நம் 'ஊர்' என்ற சொல்தான் என்பார் உண்டு. சுமேரியர் அந்நகரை 'உரிம்' என்று வழங்கினர். மேலும், 'ஊர்' என்பதில் இரண்டே ஒலிகள். நம் கணக்குப்படி 5 × 10 = 50இல் 1 வாய்ப்பு; தற்செயலுக்கு மிகவும் எளிது. சிந்துவெளியில் செய்த சூதுபவள மணிகள் அங்குள்ள கல்லறைகளில் கிடைத்தன. வணிகம் நடந்தது என்பதற்கு அது சான்று. ஆனால் சொல்லுக்குச் சொல்லின் சான்று வேண்டும்.

மறுபுறம், ஓசையில் ஒட்டாமலே ஒரே பொருளைச் சுமக்கும் பெயர்களும் உண்டு. கோயம்புத்தூரின் பிற்பகுதியான புத்தூர் என்பதற்குப் புதிய ஊர் என்று பொருள். நியூட்டன் என்ற பெயரும் பழைய ஆங்கிலத்தில் புதிய ஊர் என்றே பொருள்படும். ஆக, ஈர்ப்பு விதி தந்த அந்த மேதையைத் தமிழில் 'புத்தூரார்' எனலாம்! இத்தாலியின் நேப்பிள்சும் ரஷ்யாவின் நோவ்கொரோதும் புத்தூர்களே. இவர்கள் யாரும் ஒருவரைப் பார்த்து ஒருவர் பெயர் வைக்கவில்லை. புதிதாகக் குடியேறுகிற மனிதர் எங்கும் இப்படித்தான் பெயரிடுகிறார்கள்.

ஓனோவின் ஆராய்ச்சி

ஜப்பானிய மொழியறிஞர் சுசுமு ஓனோ, தோக்கியோவில் உள்ள கக்குஷுயின் பல்கலைக்கழகப் பேராசிரியர். 1980ஐ ஒட்டித் தமிழுக்கும் ஜப்பானிய மொழிக்கும் தொடர்பு உண்டு என்று அவர் எழுதத் தொடங்கினார். தமிழ் கற்று, சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் உள்ள தமிழறிஞர்களின் துணையோடு நூற்றுக்கணக்கான சொற்களை ஒப்பிட்டார். அவர் வெறும் ஓசையோடு நின்றுவிடவில்லை. ஒலி மாற்ற ஒழுங்கையும் தேடினார். ஆயினும் மொழியியலாளர் பெரும்பாலோர் அவர் முடிவை ஏற்கவில்லை. அவர் கண்ட ஒழுங்கு போதிய அளவு கண்டிப்பாக இல்லை, பொருளில் அவர் தந்த சலுகை மிகுதி என்பவை அவர்கள் தடைகள். அவர் 2008இல் மறைந்தார்.

அவருக்கும் முன்னரே, 1905இல், ஹல்பர்ட் என்ற அமெரிக்கர் கொரிய மொழியையும் திராவிட மொழிகளையும் ஒப்பிட்டு நூல் எழுதினார். கொரிய மொழியில் புல்லைப் 'புல்' என்றும் நாளை 'நல்' என்றும் சொல்வது உண்மையே. ஆனால் ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்பவை அங்கே ஹனா, துல், செத், நெத் என்று வருகின்றன. ஒத்த சொற்களைக் காட்டும் பட்டியலில் ஒவ்வாத சொற்களுக்கு இடமே இருப்பதில்லை. ஒரு சோதனையில் சாதகமான அளவீடுகளை மட்டும் குறித்துக்கொண்டு மற்றவற்றைக் கிழித்தெறியும் மாணவனுக்கு நாம் மதிப்பெண் தருவோமா?

இதைச் சொல்வதால் தமிழுக்கு ஒன்றும் குறைந்துவிடாது. இஞ்சியும் தேக்கும் கட்டுமரமும் எந்தச் சோதனைக்கும் அஞ்சாமல் நிற்கின்றன. ஆனால் தக்க சான்று இல்லாத 50 சொற்களை அவற்றோடு கலந்து நாம் உலகின் முன் வைத்தால், கேட்பவர் சிரித்துவிட்டு இஞ்சியையும் சேர்த்தே ஒதுக்கிவிடுவார். மெய்யான பெருமைக்குப் பொய்யான துணை இழப்பையே தரும். செல்பேசியில் நாள்தோறும் வந்து விழும் "உலக மொழிகளில் தமிழ்" பட்டியல்களைப் படிக்கும்போது இது நினைவில் இருக்கட்டும்.

இனி அத்தகைய பட்டியல் ஏதேனும் வந்தால் ஐந்து கேள்விகள் கேளுங்கள்.

1. இரு சொற்களின் பழைய உருவங்கள் எவை? பின்னோக்கிப் போனால் நெருங்குகின்றனவா, விலகுகின்றனவா?
2. அவற்றின் இன மொழிகளில் அச்சொற்கள் எப்படி வழங்குகின்றன?
3. காட்டும் ஒலி மாற்றம் வேறு பல சொற்களிலும் வருகிறதா?
4. கடன் சொல் என்றால், பொருளோ மனிதரோ பயணம் செய்த வழி தெரிகிறதா?
5. ஒத்த சொற்கள் எத்தனை என்பதோடு, ஒவ்வாத சொற்கள் எத்தனை என்றும் எண்ணினார்களா?

கடைசியாக நீங்களே செய்து பார்க்க ஒரு சோதனை. பசி, புல், புகை, போ என்ற நான்கு சொற்களும் கன்னடத்தில் எந்த எழுத்தில் தொடங்கும் என்பதை விதிப்படி கணித்து முதலில் ஒரு தாளில் எழுதி வையுங்கள். பிறகு கன்னடம் பேசும் தோழரிடமோ பக்கத்து வீட்டுப் பாட்டியிடமோ கேட்டுச் சரிபாருங்கள். கேட்டபின் எழுதக் கூடாது. எழுதியபின்தான் கேட்க வேண்டும்.